தண்ணிக்கரை நிலமும் லேட்டா போட்ட கேஸும்: அடிக்கடி கேக்கற கேள்விகள்

ஆத்தங்கரை, ஏரிக்கரை, கடற்கரைன்னு தண்ணிய ஒட்டி நிலம் வச்சிருக்கறவங்க கோர்ட்டுக்கு போறப்ப "உங்க பக்கம் நியாயம் இருக்கலாம், ஆனா ரொம்ப லேட்டா வந்திருக்கீங்க"ன்னு சொல்லி அனுப்பிடறது நிறைய நடக்குது. அது எப்படி, ஏன், எந்த இடத்துல சறுக்கறாங்கன்னு திரும்பத் திரும்ப வர்ற கேள்விகளுக்கு பதில் கீழே. நாட்டுக்கு நாடு வருஷக் கணக்கு மாறும், அதனால எந்த நாட்டு சட்டம்னு அங்கங்கயே சொல்லிட்டுப் போறேன்.

பத்திரம் என் பேர்ல இருக்கு. லேட்டா கேட்டா மட்டும் எப்படி உரிமை போகும்?

பத்திரம் உங்க பேர்லயே இருக்கும், உள்ள இருக்கற சத்துதான் போயிடும். சட்டம் இதை ரெண்டு மாதிரி பாக்குது. ஒண்ணு, உரிமை இருக்கு ஆனா கோர்ட்டுல கேக்கற வழி அடைஞ்சுபோச்சு. இன்னொண்ணு, உரிமையே செத்துபோச்சு. இந்தியால 1963 லிமிட்டேஷன் சட்டத்தோட (கேஸ் போட காலக்கெடு வைக்கற சட்டம்) 27-வது பிரிவு ரெண்டாவது வகை, நிலத்தை மீட்க கேஸ் போட வேண்டிய காலம் முடிஞ்சா அந்த சொத்து மேல உங்களுக்கு இருக்கற உரிமையே ஒழிஞ்சுபோகும். கடன் பாக்கி மாதிரி விஷயத்துல கேக்கற வழி மட்டும்தான் அடையும், நிலத்துல அப்படி இல்ல.

தண்ணிக்கரைக்காரங்களுக்கு இது ஏன் கூடுதலா வலிக்குதுன்னா, அவங்க நஷ்டம் பெரும்பாலும் ஒரே நாள்ல வர்றதில்ல. வீட்டை யாராச்சும் இடிச்சா அன்னிக்கே தெரியும். கரை வருஷத்துக்கு ரெண்டு அடி போனா, தண்ணி நிறம் கொஞ்சம் கொஞ்சமா மாறினா, எந்த நாள் "நஷ்டம் ஆன நாள்"னு யாருக்குத் தெரியும்? ஆனா கோர்ட் ஒரு தேதி கேக்கும். நீங்க சொல்லலைன்னா எதிர்தரப்பு சொல்லும், அவங்க சொல்ற தேதி எப்பவுமே பழைய தேதியாதான் இருக்கும்.

லிமிட்டேஷன்னு சொல்றாங்க, லேச்சஸ்னு சொல்றாங்க. ரெண்டும் ஒண்ணுதானே?

இல்ல. லிமிட்டேஷன்ங்கறது சட்டத்துல அச்சடிச்ச கெடு, 3 வருஷம்னா 3 வருஷம்தான். ஒரு நாள் லேட்டும் லேட்டுதான், தலைக்கு மேல வெள்ளம் போனா சாண் என்ன முழம் என்ன.

லேச்சஸ்க்கு நம்பர் கிடையாது. நீங்க தெரிஞ்சும் சும்மா இருந்தீங்களா, அப்படி இருந்ததால எதிர்தரப்புக்கு கெடுதல் ஆச்சா, இந்த ரெண்டையும் சேத்துதான் நீதிபதி பாப்பார். வெறும் தாமதம் மட்டும் போதாது. நீங்க சும்மா இருந்த நேரத்துல அவர் பணம் போட்டு கட்டியிருக்கணும், இல்ல சாட்சி சொல்ல வேண்டியவங்க செத்துப்போயிருக்கணும், இல்ல ரெக்கார்டு தொலைஞ்சிருக்கணும், இப்படி ஏதோ ஒரு மாத்தம் நடந்திருக்கணும். 1874-ல பிரிவி கவுன்சில் (பிரிட்டிஷ் ஆட்சில காலனிகளுக்கு கடைசி அப்பீல் கோர்ட்) சொன்ன இந்த அளவுகோலைத்தான் இந்திய கோர்ட்டுகள் இன்னிக்கு வரைக்கும் எடுத்து பேசுது. தடை உத்தரவு, ரிட் மனு (அரசுக்கு உத்தரவு போடச் சொல்லி ஹைகோர்ட்டுலயோ சுப்ரீம் கோர்ட்டுலயோ போடறது) மாதிரி "நியாயம் பாத்து கொடுங்க"ன்னு கேக்கற பரிகாரங்கள்லதான் லேச்சஸ் அதிகம் வரும்.

இதுல ஒரு கண்ணி இருக்கு, லிமிட்டேஷன் கெடுக்குள்ளயே இருக்கோம்னு நிம்மதியா இருக்கறவங்களுக்கும் லேச்சஸ் வந்து தடை உத்தரவை தடுக்கலாம், நஷ்ட ஈடு மட்டும் கிடைக்கும், ஆனா உங்க பார்வைய மறைக்கற அந்த கட்டடம் அங்கயே நிக்கும்.

சரி, எத்தனை வருஷம்னு நேரா சொல்லுங்க.

அமெரிக்க மத்திய அரசு உங்க நிலத்தை எடுத்துக்கிச்சு, இல்ல அரசோட வேலையால நிலம் பாழாச்சுன்னு இழப்பீடு கேக்க 6 வருஷம். அரசோட பட்டா தகராறுக்கு 12 வருஷம், அதுவும் அரசு உரிமை கொண்டாடறது உங்களுக்கு தெரிஞ்ச, இல்ல தெரிஞ்சிருக்க வேண்டிய நாள்லேர்ந்து. இங்கிலாந்துல நிலத்தை மீட்க பொதுவா 12 வருஷம், தொல்லை, சேதம் மாதிரி தவறுக்கு 6 வருஷம். இந்தியால சொந்த உரிமைய வச்சு நிலத்தை மீட்க 12 வருஷம், "இது என் உரிமைன்னு அறிவிங்க"ன்னு கேக்க 3 வருஷம், பசுமை தீர்ப்பாயத்துல சுற்றுச்சூழல் தகராறுக்கு 6 மாசம், இழப்பீடு, சீரமைப்பு கேக்க 5 வருஷம் (ரெண்டுக்குமே தக்க காரணம் காட்டினா 60 நாள் கூட கொடுப்பாங்க, அதுக்கு மேல ஒரு நாளும் இல்ல).

அமெரிக்க மாநிலங்கள் தனித்தனி. எதிரிடை அனுபவத்துக்கு (அடுத்தவர் நிலத்தை வெளிப்படையா வருஷக்கணக்கா வச்சிருந்தே உரிமை ஆக்கிக்கறது) கலிபோர்னியால 5 வருஷம், புளோரிடால 7, நியூயார்க்ல 10.

பாருங்க, ஒரே சம்பவத்துக்கு நாலு கெடு இருக்கலாம். 12 வருஷம்னு யாரோ சொன்னதை நம்பி உக்காந்திருந்து 6 மாசக் கெடுவ தவறவிட்டவங்க நிறைய. ஆனா என்னைக் கேட்டா, தோக்கறவங்கள்ல பாதிப்பேருக்கு வருஷ எண்ணிக்கை சரியாவே தெரியும், எண்ண ஆரம்பிக்கற நாள்தான் தப்பாயிருக்கும். அடுத்த கேள்வி அதுதான்.

அந்த நாள் எப்போலேர்ந்து எண்ணுவாங்க? தண்ணி மொதல்ல வந்த நாளா, நிலம் முழுசா போன நாளா?

ரெண்டும் இல்ல, நடுவுல எங்கயோ. அந்த "எங்கயோ"வுக்குதான் இவ்ளோ தீர்ப்பு.

இதுல மூல தீர்ப்பு 1947-ல அமெரிக்க சுப்ரீம் கோர்ட் கொடுத்தது. மேற்கு வர்ஜீனியால கனாவா ஆத்துல அரசு ஒரு அணை கட்டுச்சு, 1936-ல தண்ணி தேக்க ஆரம்பிச்சு படிப்படியா உயர்த்தி 1938-லதான் முழு மட்டத்துக்கு கொண்டுவந்தாங்க. கரையோர நிலக்காரர் 1943-ல கேஸ் போட்டார். அரசு சொன்னது: 1936-லேர்ந்து எண்ணு, 6 வருஷம் முடிஞ்சுபோச்சு, வெளிய போ. கோர்ட் ஒத்துக்கல. வெள்ளம் மாதிரி தொடர்ந்து நடக்கற விஷயத்துல, கடைசில என்ன ஆகும்னு நிலைமை தெளியற வரைக்கும் நிலக்காரர் காத்திருக்கலாம், தண்ணி ஒவ்வொரு அடி ஏறும்போதும் ஒரு கேஸ் போட வேண்டியதில்லன்னு சொல்லிடுச்சு. நிலைமை நிலைபெறணும்ங்கற இந்த கொள்கைதான் இன்னிக்கும் கரை அரிப்பு கேஸ்களோட அச்சாணி.

ஆனா இதைப் படிச்சுட்டு "அரிப்பு நிக்கற வரைக்கும் நாள் ஓடாது"ன்னு நினைச்சுக்காதீங்க. அப்படி நினைச்சவங்களுக்கு 2000-ல ஒரு தீர்ப்பு வந்துச்சு. தெற்கு கரோலினால கப்பல் போக்குவரத்துக் கால்வாய், படகுகள் கிளப்பற அலையில கரை கரைஞ்சு அரசுக்கு கொடுத்த எல்லையத் தாண்டி தனியார் நிலத்துக்குள்ள வந்துடுச்சு. அப்பீல் கோர்ட் சொன்னது, அரிப்பு முழுசா முடியணும்னு இல்ல, நஷ்டத்தை ரூபாய் பைசாவா கணக்கு போட முடியணும்னும் இல்ல, இது நிரந்தரமான இழப்புதான்னு தெளிவானா போதும், அன்னிக்கே நாள் எண்ண ஆரம்பிச்சாச்சு. அதையும் ஒவ்வொரு மனைக்கும் தனித்தனியா பாக்கணும். பக்கத்து மனைக்காரருக்கு கேஸ் உயிரோட இருக்கலாம், உங்களுக்கு செத்திருக்கலாம், ஏன்னா உங்க கரை முன்னாடியே போயிடுச்சு.

"சரி பண்ணித்தரோம்"னு அவங்களே சொல்லிட்டிருந்தாங்க, அதனாலதான் கேஸ் போடாம இருந்தேன். இது செல்லுமா?

சில சமயம் செல்லும், சில சமயம் சுத்தமா செல்லாது, இந்த விஷயத்துலயே ரொம்ப சுவாரஸ்யமான இடம் இதுதான்னு நினைக்கறேன், மூணு கேஸை பக்கத்துல பக்கத்துல வச்சு பாருங்க.

மொதல்ல புளோரிடால கெனாவரல் துறைமுகம். 1950-கள்ல துறைமுகம் கட்டறப்ப கடலுக்குள்ள நீட்டிக் கல் போட்டாங்க. அந்தக் கரையில மணல் வடக்கேர்ந்து தெற்க நகந்துட்டே இருக்கும், கல்லு குறுக்க நின்னதும் வடக்கு பக்கம் மணல் குவிஞ்சுது, தெற்கு பக்கம் கடற்கரை தேய ஆரம்பிச்சுது. தூண்டில் வளைவு போட்ட எந்த கடற்கரையிலயும் நடக்கற கதைதான். தெற்கு பக்க நிலக்காரங்க 1992-லதான் கேஸ் போட்டாங்க, நாப்பது வருஷம் கழிச்சு! கீழ்கோர்ட் தள்ளிடுச்சு. ஆனா 1994-ல அப்பீல் கோர்ட் திருப்பிக் கொடுத்துச்சு. காரணம், அரசு அந்தப்பக்க மணலை இந்தப்பக்கம் கொண்டுவந்து கொட்ட ஒரு ஏற்பாடு செய்யறதா வருஷக்கணக்கா சொல்லிட்டே இருந்துச்சு, அது நடந்திருந்தா கரை மீண்டிருக்கும், அப்போ இழப்பு நிரந்தரம்னு நிலக்காரங்க எப்படி முடிவு பண்ணுவாங்க? வாக்கு கொடுத்தவங்களே "ஏன் எங்க வாக்கை நம்பினீங்க"ன்னு கேக்க முடியாதுல்ல.

ரெண்டாவது மிச்சிகன் ஏரி, செயின்ட் ஜோசப் துறைமுகம். அங்கயும் துறைமுகக் கல் மணலை மறிச்சு ஏரிக்கரை தேஞ்சுது, 1970-கள்லேர்ந்து ராணுவ பொறியாளர் பிரிவு மணல் கொட்டி ஈடுகட்டறதா வேலை பாத்துட்டிருந்துச்சு. 1996-லேர்ந்து 1999 வரைக்கும் வந்த அவங்க ரிப்போர்ட்டுகள்லதான் இது மீட்க முடியாத சேதம்னு வெளிப்பட்டுச்சு. நிலக்காரங்க 1999-ல கேஸ் போட்டாங்க, 2003-ல அப்பீல் கோர்ட் காலம் தாண்டலைன்னு சொல்லிடுச்சு. அதோட முடிஞ்சுதான்னு கேக்காதீங்க, 2014-ல அதே அப்பீல் கோர்ட்டுக்கு மறுபடியும் வந்து நின்னுச்சு அந்த கேஸ். காலக்கெடு சண்டைல ஜெயிக்கறதுக்கே ஒரு தலைமுறை போயிடும்.

மூணாவது செயின்ட் லூசி ஆறு, மறுபடியும் புளோரிடா. ஓக்கிசோபி ஏரில தண்ணி மிஞ்சினா கால்வாய் வழியா இந்த ஆத்துக்குள்ள திறந்துவிடுவாங்க, அழுக்குத் தண்ணி வந்து முகத்துவாரம் கெட்டுது. கரையோர வீட்டுக்காரங்க 2006-ல இழப்பீடு கேட்டாங்க, அவங்களும் அதே வாதம்தான் வச்சாங்க, அரசு சீரமைப்பு திட்டம் போட்டிருந்துச்சு அதனால காத்திருந்தோம்னு. 2011-ல அப்பீல் கோர்ட் தள்ளிடுச்சு. தண்ணி திறந்துவிடறதும் கெட்டுப்போறதும் பல வருஷமா ஊரறிஞ்ச விஷயம், 2000-க்கு முன்னாடியே நிலைமை தெளிவாயிடுச்சு, பெரிய திட்டம் வரும்ங்கற நம்பிக்கை கெடுவ நிறுத்தாதுன்னு முடிச்சுட்டாங்க.

வித்தியாசம் எங்க இருக்குன்னா, கெனாவரல்லயும் செயின்ட் ஜோசப்லயும் வாக்கு குறிப்பானது, இந்தக் கரைக்கு இந்த மணல்னு. அது நடந்தா சேதம் உண்மையிலயே திரும்பிடும். செயின்ட் லூசில இருந்தது பொதுவான திட்டம், அதுக்கு நடுவுலயும் தண்ணி திறந்துவிட்டுட்டேதான் இருந்தாங்க. அதனால யாராச்சும் "பண்ணித்தரோம்"னு சொன்னா, யாருக்கு, எந்தக் கரைக்கு, எப்போன்னு எழுத்துல வாங்குங்க. வாய்ல சொன்ன "பாத்துக்கலாம்" கோர்ட்டு வாசப்படி ஏறாது.

தினமும் அழுக்குத் தண்ணி வருதே, அப்போ தினமும் புது தப்பு, கெடு எப்படி முடியும்?

நல்ல வாதம், இந்திய லிமிட்டேஷன் சட்டத்தோட 22-வது பிரிவு கிட்டத்தட்ட இதையேதான் சொல்லுது: தொடர்ந்து நடக்கற தப்புக்கு அது நடக்கற ஒவ்வொரு நொடியும் புதுசா நாள் ஓடும். ஆனா தப்பு தொடருதா, இல்ல பழைய தப்போட விளைவு மட்டும் தொடருதான்னு பிரிச்சு பாப்பாங்க. இந்திய சுப்ரீம் கோர்ட் 1959-லயே இந்த கோட்டை போட்டுடுச்சு. ஆலைக்காரர் தினமும் குழாய திறந்துவிடறார், அது தொடர்ற தப்பு. ஒரு நாள் சுவர் கட்டி உங்க வழிய மொத்தமா எடுத்துக்கிட்டார், அந்த சுவர் இன்னும் நிக்குது, இது முடிஞ்சுபோன தப்பு, நிக்கறது அதோட விளைவு மட்டும்னு சொல்லிடலாம். (வழியுரிமை தடுக்கறதை தொடர்ற தப்புன்னு சொன்ன தீர்ப்புகளும் இருக்கு, அதனாலதான் வக்கீலுக்கு வேலை இருக்கு.)

கடற்கரைக்காரங்க படிக்க வேண்டிய புது தீர்ப்பு 2023-ல பிரிட்டன் சுப்ரீம் கோர்ட் கொடுத்தது. 2011 டிசம்பர்ல நைஜீரியா கடல்ல ஷெல்லோட போங்கா எண்ணெய் வயல்லேர்ந்து கச்சா எண்ணெய் கசிஞ்சுது, குறைஞ்சது 40,000 பீப்பாய்னு கணக்கு. கரையோர நிலத்துல எண்ணெய் படிஞ்சுது, இன்னும் எடுக்கவே இல்லன்னு நிலக்காரங்க சொன்னாங்க. கேஸ் போட்டாங்க, ஆனா சரியான கம்பெனிய பிரதிவாதியா சேத்துக்க கேக்கறப்ப 6 வருஷம் தாண்டிடுச்சு. அதனால "எண்ணெய் நிலத்துல இருக்கற வரைக்கும் தொல்லை தொடருது, கெடு முடியல"ன்னு வாதாடினாங்க. கோர்ட் ஏத்துக்கல. கசிவு ஒரு தடவை நடந்த சம்பவம், எண்ணெய் கரை சேர்ந்தப்பவே கேஸ் போடற காரணம் முழுசாயிடுச்சு, அதை எடுக்காம விட்டது புது தப்பு ஆகாதுன்னு சொல்லிடுச்சு. கடுமையா தெரியலாம், எனக்கும் அப்படித்தான் தெரிஞ்சுது, ஆனா சட்டம் அதுதான்.

பக்கத்து வீட்டுக்காரர் என் தண்ணிப்பக்கத்தை மறிச்சு ஜெட்டி (படகு கட்டற மேடை) கட்டினார். நல்ல பழக்கம்னு விட்டுட்டேன். இப்ப கேக்கலாமா?

கட்டும்போது பாத்துட்டிருந்தீங்களா? அப்படின்னா "இடிக்கச் சொல்லுங்க"ன்னு கேக்கறது கஷ்டம். அவர் செலவு பண்ணறதை கண்ணால பாத்து வாய மூடிட்டிருந்தது சம்மதம் மாதிரி ஆயிடும். மரக்கட்டை இறக்கின அன்னிக்கு ஒரு லெட்டர் எழுதியிருந்தா கதையே வேற.

இதுல இன்னொரு பக்கம் இருக்கு, நீங்களே அனுபவிச்சுட்டிருந்த உரிமை. அடுத்தவர் நிலம் வழியா படித்துறைக்கு போற வழின்னு வச்சுக்கோங்க. இந்தியால 20 வருஷம் தடையில்லாம, வெளிப்படையா, உரிமையா அனுபவிச்சா வழியுரிமை பிறக்கும், அரசு நிலமா இருந்தா 30 வருஷம். இதை 50 வருஷம் அனுபவிச்சவங்களும் கோட்டை விடற இடம் ஒண்ணு இருக்கு: அந்த 20 வருஷம் கேஸ் போடறதுக்கு முன்னாடி ரெண்டு வருஷத்துக்குள்ள முடிஞ்சதா இருக்கணும். வேலி போட்டு அடைச்சாங்க, நீங்க மூணு வருஷம் பேசிப்பாத்தீங்க, பெரியவங்களை வச்சு பஞ்சாயத்து பண்ணீங்க, அப்புறம் கோர்ட்டுக்கு போனீங்கன்னா 50 வருஷ அனுபவமும் இந்த 20 வருஷ விதில உதவாது. இதே மாதிரி தடை வந்ததை தெரிஞ்சும் ஒரு வருஷம் பொறுத்துக்கிட்டா அனுபவம் அறுந்ததா ஆயிடும். 12 வருஷம் இருக்குன்னு நினைச்சவங்களுக்கு உண்மைல இருந்தது ஒரு வருஷம்.

பெர்மிட்ல ஒரு கண்டிஷன் போட்டாங்க, பிடிக்கல, ஆனா அவசரம்னு வேலைய முடிச்சுட்டேன். இப்ப அந்த கண்டிஷனை எதுக்கலாமா?

கலிபோர்னியால என்சினிடாஸ் பக்கம் கடலோர பாறை மேல வீடு, 2010 டிசம்பர் புயல்ல தடுப்புச்சுவர் இடிஞ்சுது. புது சுவருக்கு கோஸ்டல் கமிஷன் (அந்த மாநிலத்துல கடலோர கட்டுமானத்துக்கு அனுமதி கொடுக்கற அமைப்பு) பெர்மிட் கொடுத்துச்சு, ஆனா 20 வருஷத்துக்கு மட்டும்னு கண்டிஷன். வீட்டுக்காரங்க கேஸும் போட்டாங்க, அதுவும் நேரத்துக்கு, ஆனா அது நடந்துட்டிருக்கும்போதே பெர்மிட்டை எடுத்துக்கிட்டு சுவரையும் கட்டிட்டாங்க. 2017-ல அந்த மாநில சுப்ரீம் கோர்ட், பலனை அனுபவிச்சுட்டு கண்டிஷனை மட்டும் எதுக்க முடியாதுன்னு கதவை சாத்திடுச்சு. வீடு கடல்ல விழப்போகுதுன்னா யாருதான் கட்டாம இருப்பாங்கன்னு தோணும், ஆனாலும் அப்படித்தான் தீர்ப்பு.

அனுமதிகளுக்கான கெடு எப்பவுமே சின்னது. அந்த கமிஷன் முடிவை எதுக்க 60 நாள். இங்கிலாந்துல பிளானிங் முடிவுகளுக்கு 6 வாரம். இந்தியால சுற்றுச்சூழல் அனுமதிய எதுத்து பசுமை தீர்ப்பாயத்துல அப்பீல் பண்ண 30 நாள், காரணம் காட்டினா இன்னும் 60. பக்கத்துல வர்ற பெரிய திட்டத்தோட அனுமதிய எதுக்கணும்னா கட்டடம் எழும்பற வரைக்கும் காத்திருக்கவே கூடாது.

நான் போன வருஷம்தான் வாங்கினேன். பழைய ஓனர் தூங்கினதுக்கு நான் எப்படி பொறுப்பு?

வாங்கினதோட கடிகாரம் பூஜ்யத்துக்கு போகாது. அவருக்கு 10 வருஷம் ஓடியிருந்தா உங்களுக்கு மிச்சம்தான். நிலத்தைப் பயன்படுத்த அரசு கட்டுப்பாடு வந்தப்புறம் வாங்கினேங்கற ஒரே காரணத்துக்காக இழப்பீடு கேக்கறதை தடுக்க முடியாதுன்னு 2001-ல அமெரிக்க சுப்ரீம் கோர்ட் ரோட் ஐலண்ட் சதுப்புக்கரை கேஸ்ல சொல்லியிருக்கு, ஆனா அது வேற விஷயம், காலக்கெடுவ அது புதுப்பிக்கல.

வில்லங்க சர்டிபிகேட் பாக்கறவங்க கரை எங்க இருந்துச்சு எங்க இருக்குன்னு பாக்கறதில்ல. பழைய சர்வே வரைபடத்தையும் வருஷவாரி சாட்டிலைட் படத்தையும் பக்கத்துல பக்கத்துல வச்சு பாத்தாலே பாதி கதை தெரிஞ்சிடும்.

நான் வெளியூர்ல இருந்தேன், எனக்கு தெரியவே தெரியாது.

"தெரிஞ்சிருக்க வேண்டியது"ங்கற வார்த்தை இங்கதான் கழுத்தை பிடிக்கும். நிலத்துப்பக்கம் ஆடிக்கொரு தடவை அமாவாசைக்கொரு தடவை போறவருக்காக கோர்ட் இரக்கப்படாது, கவனமா இருக்கற ஒரு ஓனர் பாத்திருந்தா கண்ணுக்கு பட்டிருக்குமாங்கறதுதான் கேள்வி. மோசடி பண்ணி மறைச்சிருந்தா கதை வேற, அப்போ கண்டுபிடிச்ச நாள்லேர்ந்து எண்ணுவாங்க. மைனரா இருந்தவங்களுக்கும் சலுகை உண்டு.

வருஷத்துக்கு ரெண்டு மனு கொடுத்துட்டே இருந்தேன், அது கணக்குல வராதா?

வராது. மனு கிணத்துல போட்ட கல்லு, கெடுவ நிறுத்தாது. நிறுத்தற, நீட்டிக்கற விஷயங்கள் வேற: இந்திய சட்டத்துல, கெடு முடியறதுக்கு முன்னாடி எதிர்தரப்பு உங்க உரிமைய ஒத்துக்கிட்டு எழுத்துல கையெழுத்து போட்டா அன்னிலேர்ந்து புதுசா ஓடும் (18-வது பிரிவு). நல்லெண்ணத்தோட தப்பான கோர்ட்டுல நடத்தின காலத்தை கழிச்சுக்கலாம் (14-வது பிரிவு). அரசு மேல சூட் (சிவில் வழக்கு) போட 2 மாச நோட்டீஸ் கொடுத்தா அந்த 2 மாசமும் கழியும். அதனால மனுவுக்கு வந்த பதில்ல அதிகாரி ஒரு வரி ஒத்துக்கிட்டு எழுதியிருக்காரான்னு பழைய ஃபைலை தேடிப்பாருங்க, சில சமயம் புதையல் கிடைக்கும்.

"தாமதத்தை மன்னிக்கணும்"னு ஒரு மனு சேத்து போட்டுடலாம்னு நினைக்கறவங்களுக்கு: அதுக்கான லிமிட்டேஷன் சட்டத்தோட 5-வது பிரிவு அப்பீலுக்கும் சில மனுக்களுக்கும்தான், மொதல் சூட்டுக்கு கிடையவே கிடையாது. எதிர்தரப்பு காலக்கெடுவ பேசலைன்னாலும் கோர்ட் தானாவே பாத்து தள்ளணும்னு 3-வது பிரிவு சொல்லுது. அமெரிக்காலயும் மத்திய அரசுகிட்ட இழப்பீடு கேக்கற அந்த 6 வருஷக் கெடு அப்படித்தான்னு 2008-ல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. வேடிக்கை என்னன்னா பட்டா தகராறுக்கான 12 வருஷக் கெடு அப்படி இல்லன்னு 2023-ல அதே கோர்ட் சொல்லியிருக்கு.

அரசு மட்டும் எத்தனை வருஷம் கழிச்சும் வரலாமா? இது என்ன நியாயம்?

கிட்டத்தட்ட ஆமா. இந்தியால மத்திய, மாநில அரசு சூட் போட 30 வருஷம். இங்கிலாந்துல அலை ஏறி இறங்கற கரைப்பகுதிய மன்னர் சார்புல மீட்க 60 வருஷம். கேரளால மரடு அடுக்குமாடிகள் ஞாபகம் இருக்கும், உள்ளூர் பெர்மிட் வாங்கி கட்டி குடியும் போனப்புறம், கடலோர விதி மீறல்னு 2019-ல சுப்ரீம் கோர்ட் இடிக்க சொல்லிடுச்சு, 2020 ஜனவரில வெடி வச்சு தரைமட்டமாக்கினாங்க. "இத்தனை வருஷம் ஏன் கேக்கல"ங்கற கேள்வி அங்க காப்பாத்தல.

மறுபக்கமும் ஒண்ணு சொல்லணும். அரசு சட்டப்படி எடுக்காம சும்மா உங்க நிலத்துல புகுந்துட்டா, தாமதத்தை காட்டி தப்பிக்கறது அவ்ளோ சுலபம் இல்ல. இமாச்சலப் பிரதேசத்துல 1967-68-ல ரோடு போட நிலத்தை எடுத்துட்டு இழப்பீடே கொடுக்கல, எழுத்தறிவில்லாத ஒரு வயசான அம்மா பல பத்து வருஷம் கழிச்சு கேட்டாங்க. 2020-ல சுப்ரீம் கோர்ட், அரசு தாமதத்தையும் சொல்ல முடியாது, எதிரிடை அனுபவத்தையும் சொல்ல முடியாதுன்னு இழப்பீடு கொடுக்க சொல்லிடுச்சு. அது ரிட் மனுங்கறதால நடந்துச்சு, எல்லாரும் இதை நம்பி உக்கார முடியாது.

கரையே நகந்துட்டா என் எல்லை எது?

மெல்ல மெல்ல, கண்ணுக்கு தெரியாம நகந்தா பொதுவா எல்லையும் கூடவே நகரும், போனது போனதுதான். ஒரே வெள்ளத்துல திடீர்னு மாறினா பழைய எல்லை நிக்கும். தாமதம் இங்க வேற மாதிரி கடிக்கும், 15 வருஷம் கழிச்சு "அது திடீர்னு போச்சு"ன்னு நிரூபிக்க உங்ககிட்ட என்ன இருக்கும்? தேதி போட்ட போட்டோ இல்லைன்னா ஒண்ணும் இருக்காது.

ஏற்கனவே லேட் ஆயிடுச்சு. ஏதாவது மிச்சம் இருக்கா?

இருக்கலாம். பழைய அரிப்புக்கு வழி அடைஞ்சிருந்தாலும், போன வருஷம் புதுசா கல்லு நீட்டினாங்க, புது குழாய் போட்டாங்கன்னா அது தனி சம்பவம், தனி கெடு. தடை உத்தரவு கிடைக்கலைன்னா நஷ்ட ஈடு, அதுவும் கடைசி சில வருஷத்துக்கு மட்டும்னு கேக்கலாம். நிலம் இன்னும் உங்க கைல இருந்து அவங்கதான் உங்களை காலி பண்ண வர்றாங்கன்னா, பொதுவா கெடு கேஸ் போடறவங்களைத்தான் பிடிக்கும், தற்காப்பா பேசறவங்களை அவ்ளோ சுலபமா பிடிக்காது.

வக்கீல்கிட்ட போகும்போது கதைய சொல்லாம ஒரு தேதி பட்டியலை கொண்டுபோங்க: மொதல் சேதம் பாத்த நாள், யார் என்ன வாக்கு கொடுத்தாங்க, எந்த லெட்டர், எந்த ரிப்போர்ட், எப்போ மறுத்தாங்க. உங்களுக்கு பாதகமான தேதியையும் அதுல எழுதிடுங்க, அதை மறைச்சா எதிர்தரப்பு வக்கீல் குறுக்கு விசாரணைல எடுத்து நீட்டுவார், அப்போ உங்க வக்கீலுக்கும் அது புதுசா இருக்கும்.